கதையோடு, கதை சொன்னவரையும் அழைத்து வருவோம்

(ஆசிரியர்களுக்கான கதைசொல்லல் பயிற்சி ஒன்றில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



மெக்சிகோ நாட்டின் நாட்டுப்புறக் கதைகளைப் பற்றிப் பேச வந்திருக்கிறேன். சமூக அறிவியல் ஆசிரியைக்கு மெக்சிகோ கதைகளோடு என்ன தொடர்பு என்று கேட்பீர்கள். வகுப்பில் நான் செய்த ஒரு தவறுதான் தொடர்பு. அதிலிருந்தே தொடங்குகிறேன்.

சில ஆண்டுகளுக்கு முன்பு, ஏழாம் வகுப்பில் கடைசிப் பாடவேளை. மிளகாய் நம் நாட்டுப் பயிர் இல்லை, மெக்சிகோ பக்கத்திலிருந்து போர்ச்சுகீசியர் வழியாக வந்தது என்று சொல்லிக்கொண்டிருந்தேன். "அந்த ஊர்க் கதை ஒண்ணு சொல்லுங்க டீச்சர்" என்றார்கள். எங்கோ படித்திருந்த ஒரு பேய்க்கதை நினைவுக்கு வந்தது. ஜன்னலைச் சாத்தச் சொல்லிவிட்டு, குரலைத் தாழ்த்திக்கொண்டு சொன்னேன். வெள்ளை உடுத்திய பெண் ஒருத்தி. கணவன் கைவிட்ட கோபத்தில் தன் பிள்ளைகளையே ஆற்றில் மூழ்கடித்துவிட்டாள். பிறகு மனம் தாங்காமல் தானும் செத்துப்போனாள். இன்றைக்கும் இரவில் ஆற்றங்கரையில் "ஐயோ, என் பிள்ளைகளே!" என்று அழுதுகொண்டு அலைகிறாள். வழியில் எந்தப் பிள்ளை அகப்பட்டாலும் தன் பிள்ளை என்று நினைத்துத் தூக்கிக்கொண்டு போய்விடுவாள்.

பிள்ளைகள் கத்தினார்கள், சிரித்தார்கள். எனக்கும் மகிழ்ச்சி. "அதனால் கோபத்தில் எதையும் செய்யக் கூடாது" என்று ஒரு நீதியையும் ஒட்டவைத்து முடித்தேன். அப்போது மூன்றாம் வரிசையிலிருந்த ஒரு மாணவி எழுந்து கேட்டாள்: "அவங்க இத்தனை வருஷமா அழறாங்களே, ஏன் அழறீங்கன்னு யாராவது அவங்ககிட்ட கேட்டாங்களா டீச்சர்?"

என்னிடம் பதில் இல்லை. மணி அடித்தது, தப்பித்தேன். ஆனால் அந்தக் கேள்வி என்னை விடவில்லை. அதற்குப் பதில் தேடிப் போனபோது தெரிந்துகொண்டவற்றைத்தான் இன்று உங்களோடு பகிர்ந்துகொள்கிறேன்.

அழுகிறவள் யார்?

அந்தக் கதைக்கு மெக்சிகோவில் பெயர் 'லா யோரோனா'. ஸ்பானிய மொழியில் 'அழுகிறவள்' என்று பொருள். மெக்சிகோவில் இந்தக் கதையைக் கேட்காமல் வளர்ந்த குழந்தை அநேகமாக இருக்காது. எல்லை தாண்டி அமெரிக்காவில் குடியேறிய மெக்சிகோக் குடும்பங்களிலும் சொல்கிறார்கள். ஆறு உள்ள ஊரில் ஆற்றங்கரையிலும், கால்வாய் உள்ள ஊரில் கால்வாயிலும் அவள் நடமாடுகிறாள். இருட்டிய பிறகு பிள்ளைகள் தண்ணீர்ப் பக்கம் போகாமல் இருக்கத் தாய்மார்கள் சொல்லும் கதை இது. அந்த வகையில் அது வேலை செய்கிற கதை. பல பிள்ளைகளின் உயிரைக் காப்பாற்றியும் இருக்கும்.

ஆனால் அழுகிற பெண்ணின் கதை இங்கே தொடங்கவில்லை. அதற்கு ஐந்நூறு ஆண்டுகள் பின்னோக்கிப் போக வேண்டும்.

இன்றைய மெக்சிகோ நகரம் இருக்கும் இடத்தில் அன்று ஒரு பெரிய ஏரி இருந்தது. ஏரியின் நடுவே தீவில் தெனோச்தித்லான் என்ற தலைநகரம். அதைக் கட்டி ஆண்டவர்கள் மெஷிகா மக்கள். பாடநூல்கள் 'ஆஸ்டெக்' என்று சொல்வது இவர்களைத்தான். இவர்கள் பேசிய மொழி நாவாட்ல். அந்த மொழி பேசுவோரை நாவா மக்கள் என்கிறோம். 1519இல் ஸ்பானியரான எர்னான் கோர்த்தேஸ் படையோடு வந்து இறங்கினார். ஸ்பானியரோடு பெரியம்மையும் வந்தது. மெஷிகாக்களுக்குப் பகைவர்களாக இருந்த உள்ளூர் மக்கள் பலரும் ஸ்பானியரோடு சேர்ந்துகொண்டார்கள். 1521 ஆகஸ்ட் 13 அன்று நகரம் வீழ்ந்தது.

சில ஆண்டுகள் கழித்து, 1529இல், பெர்னார்தினோ தே சகாகுன் என்ற பிரான்சிஸ்கன் துறவி அங்கே வந்தார். மதம் பரப்ப வந்தவர்தான். அதற்காகவே மக்களின் மொழியையும் வழக்கங்களையும் அறிய விரும்பினார். ஊர்ப் பெரியவர்களை உட்காரவைத்துக் கேள்விகள் கேட்டார். அவர்கள் தங்கள் மரபுப்படி படங்களாக வரைந்து விளக்கினார்கள். அந்த விளக்கங்களை நாவாட்ல் மொழியில் எழுதியவர்கள் யார் தெரியுமா? சகாகுனின் மாணவர்கள். த்லாதெலோல்கோ என்ற இடத்தில் 1536இல் தொடங்கிய கல்லூரியில் படித்த நாவா இளைஞர்கள். நாவாட்ல், ஸ்பானியம், லத்தீன் என்று மூன்று மொழியும் அறிந்தவர்கள். அந்தோனியோ வலெரியானோ, அலோன்சோ வெகெரானோ, மார்த்தின் யாகோபிதா, பெத்ரோ தே சான் புவனவெந்தூரா என்று அவர்களில் சிலருடைய பெயர்களைச் சகாகுனே குறித்துவைத்திருக்கிறார். தாத்தா பாட்டி காலத்து நினைவுகளைப் பேரப்பிள்ளைகள் எழுதியதுபோல என்று வைத்துக்கொள்ளுங்கள்.

அப்படி உருவான பன்னிரண்டு நூல்களின் தொகுப்பு, இத்தாலியின் ஃபுளோரன்ஸ் நகர நூலகம் ஒன்றில் இருப்பதால், 'ஃபுளோரன்ஸ் சுவடி' என்று அழைக்கப்படுகிறது. ஒருபக்கம் நாவாட்ல், மறுபக்கம் ஸ்பானியம், ஏறத்தாழ 2,500 படங்கள். அதன் பன்னிரண்டாம் நூல் நகரம் வீழ்ந்த வரலாற்றைச் சொல்கிறது. ஸ்பானியர் வருவதற்கு முன்பு தோன்றிய எட்டுத் தீய நிமித்தங்களோடு அது தொடங்குகிறது. ஆறாவது நிமித்தம்: இரவில் ஒரு பெண்ணின் அழுகுரல் கேட்கிறது. தன் பிள்ளைகளை அழைத்து, நாம் போகும் நேரம் வந்துவிட்டதே, உங்களை நான் எங்கே கொண்டு போவேன் என்ற பொருளில் அவள் புலம்புகிறாள்.

இதைப் படித்ததும் சற்று நேரம் அப்படியே உட்கார்ந்திருந்தேன். என் மாணவியின் கேள்விக்குப் பதில் இங்கே இருந்தது. இவள் பிள்ளைகளைக் கொன்றவள் இல்லை. பிள்ளைகளை எங்கே ஒளித்துவைப்பது என்று தெரியாமல் தவிப்பவள்.

இங்கே ஒரு எச்சரிக்கையும் வேண்டும். இந்தப் பெண்ணே பிற்காலத்தில் லா யோரோனாவாக மாறினாள் என்று பலர் சொல்கிறார்கள். இடையில் வேறு கதைகளும், ஐரோப்பியக் கதைகளும் கலந்திருக்கலாம். நேர்க்கோடு போட்டுக் காட்ட முடியாது. அதேபோல, இந்த நிமித்தங்கள் எழுதப்பட்டது நகரம் வீழ்ந்து பல பத்தாண்டுகளுக்குப் பிறகு. உண்மையிலேயே முன்கூட்டித் தோன்றியவை என்பதைவிட, எல்லாவற்றையும் இழந்தவர்கள் 'இது எப்படி நேர்ந்தது?' என்று திரும்பிப் பார்த்தபோது உருவானவை என்றே வரலாற்றாசிரியர்கள் பலர் கருதுகிறார்கள். ஆனால் அதனால் அந்தக் கதையின் மதிப்பு குறையவில்லை. ஒரு தலைமுறை தன் துயரத்தை ஒரு தாயின் குரலில் ஏற்றி வைத்திருக்கிறது.

அந்தச் சுவடி எழுதப்பட்ட சூழலையும் சொல்ல வேண்டும். 1576இல் ஒரு பெருங்கொள்ளைநோய் நாவா ஊர்களை வாரிக்கொண்டு போனது. சுவடி எழுதும் பணி அப்போது நடந்துகொண்டிருந்தது. அதன் பிற்பகுதியில் பல படங்கள் வண்ணம் தீட்டப்படாமல் கோடுகளாகவே நிற்கின்றன. சுற்றிலும் சாவு, கையில் தூரிகை. கதையை எழுதிவைப்பது பொழுதுபோக்கு வேலை அல்ல என்று அந்த வெற்றுக் கோடுகள் சொல்கின்றன.

இதிலிருந்து நான் கற்றது ஒன்றுதான். கதையை மட்டும் தனியாக வகுப்புக்குள் கொண்டுவந்தால் அது பேய்க்கதையாக நின்றுவிடும். யார் சொன்னார்கள், யாருக்குச் சொன்னார்கள், எப்போது, ஏன் என்பதையும் கூடவே அழைத்துவந்தால் அது கல்வியாகும். இனி நான் சொல்லப்போகும் கதைகளையெல்லாம் இந்தக் கண்ணோடு பாருங்கள்.

நிலாவில் முயல்

தொடக்கப் பள்ளி ஆசிரியர்கள் கொஞ்சம் நிமிர்ந்து உட்காருங்கள், இது உங்களுக்கு. சுவடியின் ஏழாம் நூலில் உள்ள கதை.

உலகத்தில் வெளிச்சமே இல்லை. தெய்வங்கள் தேயோதிவாக்கான் என்னும் இடத்தில் கூடி, யார் சூரியனாக மாறி உலகுக்கு ஒளி தருவது என்று பேசின. தெக்குசிஸ்தேகாட்ல் என்ற செல்வம் மிகுந்த தெய்வம் "நான்" என்று முன்வந்தது. இன்னொருவர் வேண்டுமே? யாரும் வாய் திறக்கவில்லை. ஒரு மூலையில் உடம்பெல்லாம் புண்ணோடு நின்றிருந்தது நனவாட்சின். "நீ வா" என்றார்கள். அது மறுக்கவில்லை.

நான்கு நாள் நோன்பு. செல்வத் தெய்வம் படைத்ததெல்லாம் விலை உயர்ந்தவை: அரிய பறவையின் இறகுகள், பொன் உருண்டைகள். நனவாட்சின் படைத்தது நாணல் கட்டு, புல் உருண்டை, தன் குருதி தோய்ந்த கற்றாழை முள். நறும்புகைக்கு வழியில்லை. தன் புண்ணின் பொருக்கையே எடுத்துப் புகையிட்டது.

நெருப்பு கொழுந்துவிட்டு எரிந்தது. செல்வத் தெய்வம் ஓடிவந்தது, வெப்பம் தாங்காமல் நின்றுவிட்டது. நான்கு முறை ஓடி, நான்கு முறையும் பின்வாங்கியது. அடுத்து நனவாட்சினை அழைத்தார்கள். கண்ணை இறுக மூடிக்கொண்டு ஒரே பாய்ச்சல். அதைப் பார்த்த பிறகுதான் மற்றதும் குதித்தது. பின்னாலேயே கழுகு பாய்ந்தது, அதன் இறகு கருகியது. சிறுத்தை இனத்து ஜாகுவாரும் பாய்ந்தது, அதன் மேல் புள்ளி புள்ளியாகக் கரி படிந்தது.

கிழக்கில் முதலில் நனவாட்சின் சூரியனாக எழுந்தது. பின்னாலேயே மற்றது, அதே ஒளியோடு. இரண்டு சூரியன் எப்படி? தெய்வங்களில் ஒன்று ஓடிப்போய் ஒரு முயலைத் தூக்கி இரண்டாவதன் முகத்தில் அடித்தது. அதன் ஒளி மங்கியது. அதுதான் நிலா. முயல் விழுந்த தழும்பு இன்னும் அதன் முகத்தில் இருக்கிறது.

நிலாவில் முயலைப் பார்ப்பது நமக்கும் பழக்கம். நிலவின் கறையை முயல் என்று நம் இலக்கியங்களும் சொல்கின்றன. 'சசாங்கன்' என்ற சொல்லுக்கே முயலை அடையாளமாக உடையவன் என்று பொருள். புத்த ஜாதகக் கதை ஒன்றில், பசித்து வந்த விருந்தாளிக்குக் கொடுக்க வேறு ஒன்றும் இல்லாத முயல், தன்னையே உணவாகத் தர நெருப்பில் குதிக்கிறது. நெருப்பு அதைச் சுடவில்லை. அதன் ஈகையை உலகம் என்றும் நினைக்க வேண்டும் என்று தேவர்களின் அரசன் நிலாவில் முயலின் உருவத்தை வரைகிறான்.

இரண்டு கதைகளையும் அடுத்தடுத்துச் சொல்லிப் பாருங்கள். "எல்லா ஊரிலும் ஒரே கதைதான்" என்று நாம் அவசரப்பட்டு முடித்துவிடக் கூடாது. பிள்ளைகளே கண்டுபிடிக்கட்டும். இரண்டிலும் நெருப்பு இருக்கிறது, இரண்டிலும் ஒன்றுமில்லாத ஏழை குதிக்கிறது. ஆனால் ஒன்றில் முயல் பரிசு, மற்றொன்றில் தண்டனை. ஒரே கறையை ஒருவர் பெருமையின் அடையாளமாகவும், இன்னொருவர் தயங்கி நின்றதன் தழும்பாகவும் பார்த்திருக்கிறார்கள். ஐந்தாம் வகுப்புப் பிள்ளைகள் இதைச் சொல்லிவிடுவார்கள். நாம் வாயை மூடிக்கொண்டிருந்தால் போதும்.

இந்தக் கதை நடந்ததாகச் சொல்லப்படும் தேயோதிவாக்கான் இன்றும் இருக்கிறது. மெக்சிகோ நகரிலிருந்து ஏறத்தாழ 50 கிலோமீட்டர். அங்கே சூரியப் பிரமிடு, நிலாப் பிரமிடு என்று இரண்டு பெரும் கட்டடங்கள். சூரியப் பிரமிடு சுமார் 65 மீட்டர் உயரம். மெஷிகா மக்கள் அதைக் கட்டவில்லை. அவர்கள் வருவதற்குப் பல நூற்றாண்டுகளுக்கு முன்பே அது பாழடைந்துவிட்டது. இவ்வளவு பெரியதை மனிதர் கட்டியிருக்க முடியாது, தெய்வங்கள் நோன்பிருந்த குன்றுகளாகத்தான் இருக்க வேண்டும் என்று அவர்கள் கதை சொன்னார்கள். உயர்நிலை வகுப்பில் தொல்லியல் நடத்துகிறவர்களுக்கு இது நல்ல தொடக்கம்.

எளியவற்றின் தந்திரம்

அரசர்களும் தெய்வங்களும் இல்லாத கதைகளும் ஏராளம். அவற்றைச் சொல்கிறவர்கள் வயலில் வேலை செய்பவர்கள், ஆடு மேய்ப்பவர்கள், பாட்டிமார்கள்.

மெக்சிகோவில் 'த்லாக்குவாச்சே' என்று ஒரு விலங்கு உண்டு. பூனை அளவில் இருக்கும். கங்காருபோலக் குட்டியை வயிற்றுப் பையில் வளர்க்கும். வாலில் மயிர் இருக்காது. ஏன் என்பதற்கு மசாதெக் மக்கள் ஒரு கதை சொல்கிறார்கள். வானத்திலிருந்து விழுந்த நெருப்பை ஒரு கிழவி எடுத்துத் தன் வீட்டில் வைத்துக்கொண்டாள். யாருக்கும் தர மறுத்துவிட்டாள். "நான் கொண்டுவருகிறேன்" என்றது த்லாக்குவாச்சே. எல்லோரும் சிரித்தார்கள். அது கிழவியிடம் போய், "குளிர் தாங்கவில்லை பாட்டி, கொஞ்ச நேரம் காய்ந்துகொள்கிறேன்" என்றது. இரக்கப்பட்டு விட்டாள். மெல்ல மெல்ல நகர்ந்து வாலை நெருப்பில் விட்டது. வால் பற்றிக்கொண்டதும் எடுத்தது ஓட்டம். ஊரெல்லாம் நெருப்பு. வாலில் மயிர் போனது போனதுதான்.

வேறு சில பழங்குடி மக்களிடமும் இந்தக் கதை வெவ்வேறு வடிவில் இருக்கிறது. அல்ஃப்ரெதோ லோபெஸ் ஆஸ்தின் என்ற மெக்சிகோ வரலாற்றாசிரியர் இந்தச் சின்ன விலங்கின் கதைகளையே மையமாக வைத்து 1990இல் ஒரு பெரிய ஆய்வு நூல் எழுதினார்.

இன்னொன்று முயலும் கொயோட்டேயும். கொயோட்டே என்பது ஓநாய்க்கும் நரிக்கும் இடைப்பட்ட உருவம் உள்ள விலங்கு. தோட்டத்தில் திருடும் முயலைப் பிடிக்க விவசாயி மெழுகுப் பொம்மை வைக்கிறான். முயல் அதை அடித்து ஒட்டிக்கொள்கிறது. அந்த வழியே வந்த கொயோட்டேயை ஏமாற்றி, தன் இடத்தில் மாட்டிவிட்டுத் தப்புகிறது. அடுத்து, விழப்போகும் பாறையைத் தாங்கிக்கொண்டிருப்பதாகச் சொல்லி அதைப் பாறையடியில் நிற்கவைக்கிறது. அடுத்து, குளத்தில் தெரியும் நிலாவைப் பாலாடைக் கட்டி என்று காட்டித் தண்ணீரைக் குடிக்கவைக்கிறது. கடைசியில் ஏணி வைத்து நிலாவுக்கே ஏறிப் போய்விடுகிறது. அதனால்தான் கொயோட்டே இன்றும் நிலாவைப் பார்த்து ஊளையிடுகிறதாம். பாருங்கள், நிலாவில் மறுபடியும் முயல்! ஆனால் இந்த முயல் தூக்கி எறியப்பட்டது அல்ல, தானே ஏறிப்போனது.

ஒட்டிக்கொள்ளும் பொம்மை என்ற பகுதி ஆப்பிரிக்கா, இந்தியா என்று பல இடங்களில் இருக்கிறது. ஔரேலியோ எஸ்பினோசா என்ற நாட்டுப்புறவியல் அறிஞர் 1930இல், இதன் வேர் இந்தியாவில் என்று வாதிட்டார். ஐந்து ஆயுதம் ஏந்திய இளவரசன் பிசுபிசுத்த மயிருடைய அரக்கனிடம் ஒட்டிக்கொள்ளும் ஜாதகக் கதையைச் சான்று காட்டினார். இல்லை, ஆப்பிரிக்கா என்றவர்களும் உண்டு. விவாதம் எப்படியானாலும், கதைக்குக் கடவுச்சீட்டு தேவையில்லை என்பது மட்டும் தெரிகிறது.

இந்தக் கதையை ஓவியர் பிரான்சிஸ்கோ தொலேதோ தன் சொந்த ஊர்க் கதையாகப் படங்களில் வரைந்தார். அவர் மகள், கவிஞர் நத்தாலியா தொலேதோ, அதைச் சபோதெக் மொழியிலும் ஸ்பானியத்திலும் எழுதினார். பாட்டி சொன்ன கதை பாட்டியின் மொழியிலேயே அச்சில் வந்தது. இதன் அருமை புரிய வேண்டுமானால், அந்த நாட்டுப் பள்ளிக்கூடங்கள் முன்பு எப்படி இருந்தன என்பதைப் பார்க்க வேண்டும். அதற்கு முன் ஒரு மலைக்கதை.

ஒரே மலைக்கு இரண்டு கதை

மெக்சிகோ நகரின் தென்கிழக்கே இரண்டு பனிமலைகள் அருகருகே இருக்கின்றன. ஒன்று போப்போகாதெபெட்ல், 'புகையும் மலை'. 5,400 மீட்டருக்கு மேல் உயரம், உயிருள்ள எரிமலை. மற்றது இஸ்தாக்சிவாட்ல், 'வெள்ளைப் பெண்'. தூரத்திலிருந்து பார்த்தால் ஒரு பெண் மல்லாந்து படுத்திருப்பதுபோல் தெரியும்.

புகழ்பெற்ற கதை இது: போப்போ ஒரு வீரன், இஸ்தா இளவரசி. போருக்குப் போனவன் இறந்துவிட்டதாகப் பொய்ச்செய்தி வர, அவள் துயரத்தில் உயிர்விடுகிறாள். வென்று திரும்பியவன் அவளை மலைமேல் கிடத்தி, தீப்பந்தத்தோடு காவல் இருக்கிறான். இருவரும் மலையாகிவிடுகிறார்கள். 20ஆம் நூற்றாண்டில் ஹெசூஸ் எல்கேரா என்ற ஓவியர் இதை வரைந்தார். அது காலண்டர் படமாகி வீட்டுக்கு வீடு தொங்கியது. காலண்டர் படம் எப்படி ஒரு கதையை மனத்தில் பதியவைக்கும் என்று நமக்குச் சொல்லித்தர வேண்டியதில்லை.

ஆனால் மலையடிவாரத்து ஊர்க்காரர்களைக் கேட்டால் கதை வேறு. சந்தியாகோ ஷாலிட்சிந்த்லா என்ற ஊரில் அந்த எரிமலைக்குப் பெயர் 'தொன் கோயோ'. கிரகோரியோ என்ற பெயரின் செல்லச் சுருக்கம், பெரியவர் என்ற மரியாதையோடு. நம் வழக்கில் 'கோயோ ஐயா' என்று சொல்லலாம். அவர் கிழவர் உருவில் ஊருக்குள் வந்துபோவாராம். மார்ச் 12 அவருடைய பிறந்தநாள். அன்று ஊர் மக்கள் உணவும் பழமும் புது உடுப்பும் எடுத்துக்கொண்டு மலையேறுகிறார்கள். மழை நன்றாகப் பெய்ய வேண்டும், கல்மழை கூடாது என்று வேண்டிக்கொள்கிறார்கள்.

பல பத்தாண்டுகள் அமைதியாக இருந்த மலை 1994 டிசம்பரில் சாம்பலைக் கக்கத் தொடங்கியது. அரசு ஊர்களைக் காலி செய்தது. 2000 டிசம்பரில் மறுபடியும் ஒரு பெரிய வெளியேற்றம். போக மறுத்தவர்களும் உண்டு. ஆடு மாடு, வீடு, நிலம் என்று காரணங்கள். கூடவே, "ஐயா நமக்குத் தீங்கு செய்யமாட்டார், அப்படி என்றால் முன்பே சொல்லியிருப்பார்" என்ற நம்பிக்கையும். எரிமலையை அறிவியல் கருவிகள் கண்காணிக்கின்றன, அவை சொல்வதைக் கேட்டுத்தான் ஆக வேண்டும். அதில் எனக்கு ஐயமில்லை. ஆனால் அந்த மக்களிடம் பேசப்போகும் அதிகாரி மலைக்கு அவர்கள் வைத்திருக்கும் பெயரையும் தெரிந்துகொண்டு போனால்தானே அவர் சொல்வது காதில் ஏறும்? புவியியல் ஆசிரியர்கள் பேரிடர் மேலாண்மைப் பாடத்தில் இதை ஒரு விவாதமாக வைக்கலாம்.

நகரத்தில் காலண்டர் பார்ப்பவருக்கு மலை ஒரு காதல் கதை. அடிவாரத்தில் வாழ்பவருக்கு அது பக்கத்து வீட்டுப் பெரியவர். சொல்பவர் மாறினால் கதை மாறுகிறது.

பள்ளிக்கூடம் செய்ததும் செய்யாததும்

இனி, நம்மைப் பற்றிய பகுதி. அதாவது ஆசிரியர்களைப் பற்றியது.

மெக்சிகோ புரட்சிக்குப் பிறகு, 1921இல், அந்த நாட்டில் பொதுக் கல்விக்கான அமைச்சகம் உருவானது. ஓசே வஸ்கொன்செலோஸ் தலைமையில் ஆசிரியர்கள் மலைக்கிராமங்களுக்கெல்லாம் போனார்கள். எழுத்தறிவு தந்தார்கள், நூலகம் வைத்தார்கள். பெரும் தொண்டுதான். ஆனால் நாடு ஒன்றாக வேண்டுமானால் மொழி ஒன்றாக வேண்டும், அது ஸ்பானியம் என்ற எண்ணம் பல பத்தாண்டுகள் பள்ளியை ஆண்டது. வகுப்பில் தாய்மொழி பேசிய பழங்குடிப் பிள்ளைகள் பல இடங்களில் தண்டிக்கப்பட்டார்கள், கேலிக்கு ஆளானார்கள். அந்தப் பிள்ளைகள் வளர்ந்து பெற்றோரானபோது, தாங்கள் பட்ட அவமானம் தங்கள் பிள்ளைகளுக்கு வேண்டாம் என்று வீட்டிலும் அந்த மொழியைப் பேசாமல் விட்டார்கள். மொழி போனால் அந்த மொழியில் இருந்த கதையும் போகும். படையெடுப்பும் கொள்ளைநோயும் அழிக்காமல் விட்டதைப் பள்ளிக்கூடம் நல்லெண்ணத்தோடு அழித்தது.

பிறகு மெல்ல மாற்றம் வந்தது. 1971இல் தொலைதூரச் சிற்றூர்களுக்காக 'கொனாஃபே' என்ற தேசிய அமைப்பு தொடங்கப்பட்டது. பள்ளிப் படிப்பை முடித்த இளைஞர்கள் அந்த ஊர்களுக்குப் போய்த் தங்கிக் கற்பித்தார்கள். ஊர்க் கதைகளையும் பாடல்களையும் விளையாட்டுகளையும் கேட்டு எழுதினார்கள், அவை குழந்தைகளுக்கான நூல்களாக வெளிவந்தன. 2003இல் பழங்குடி மொழிகளின் உரிமைக்கான சட்டம் வந்தது. 2008இல் வெளியான அரசுப் பட்டியல், நாட்டில் 68 மொழித் தொகுதிகளும் அவற்றில் 364 வகைகளும் இருப்பதாகச் சொல்கிறது. நாவாட்ல் இன்றும் 16 லட்சத்துக்கும் மேற்பட்டோர் பேசும் மொழி. இழப்பு நிற்கவில்லை, ஆனால் திசை மாறியிருக்கிறது.

இதைப் படித்தபோது எனக்கு என் வகுப்புதான் நினைவுக்கு வந்தது. பாட்டி சொன்ன கதையைச் சொல்ல எழுந்த பிள்ளையை, "நல்ல தமிழில் சொல்லு" என்று நான் எத்தனை முறை நிறுத்தியிருக்கிறேன்! நிறுத்தியதும் அந்தப் பிள்ளை சொல்லை மாற்றிக்கொள்ளவில்லை, கதையையே விட்டுவிட்டு உட்கார்ந்துகொண்டது. தண்டிக்கவில்லை, திட்டவில்லை. ஒரு கதை மட்டும் அன்று சொல்லப்படாமல் போனது.

வகுப்பில் என்ன செய்யலாம்?

நான் செய்து பார்த்தவற்றைச் சுருக்கமாகச் சொல்கிறேன்.

முதலில், வெளிநாட்டுக் கதை சொன்னால் இடத்தையும் ஆட்களையும் சேர்த்துச் சொல்லுங்கள். வரைபடத்தில் விரல் வையுங்கள். "மெக்சிகோக் கதை" என்று பொதுவாகச் சொல்லாமல் மசாதெக் கதை, சபோதெக் கதை, நாவா கதை என்று சொல்லுங்கள். நம் கதையை யாராவது "ஏதோ இந்தியக் கதை" என்று சொன்னால் நமக்கு எப்படி இருக்கும்?

இரண்டாவது, நீதியைக் கடைசி வரியில் ஒட்டாதீர்கள். அதற்குப் பதில் ஒரு கேள்வியை விடுங்கள். ஒன்று முதல் மூன்று வகுப்புவரை த்லாக்குவாச்சேயையும் முயலையும் நடித்துக் காட்டினாலே போதும். நான்கு, ஐந்தில் இரண்டு நிலா முயல்களை ஒப்பிடலாம். ஆறு முதல் எட்டுவரை அழுகிறவளின் இரண்டு வடிவங்களையும் தந்து, "யார், யாருக்கு, எப்போது, ஏன் சொன்னார்கள்?" என்று நான்கு கட்டம் போட்டு நிரப்பச் சொல்லலாம். ஒன்பது, பத்தில் கேள்வி இன்னும் கூர்மையாகலாம்: நிகழ்ச்சிக்குப் பல ஆண்டுகள் கழித்து எழுதப்பட்ட நிமித்தம் வரலாற்றுச் சான்று ஆகுமா? எதற்குச் சான்று?

மூன்றாவது, துயரக் கதைகளை எடுக்கும்போது வகுப்பை ஒருமுறை கண்ணால் சுற்றிப் பாருங்கள். தாயை இழந்த பிள்ளை, தண்ணீரில் உடன்பிறப்பை இழந்த பிள்ளை அங்கே இருக்கலாம். நான் ஜன்னலைச் சாத்தச் சொன்னபோது அப்படிப் பார்க்கவில்லை. அதுதான் தொடக்கத்தில் சொன்ன என் தவறு.

நான்காவது, பிள்ளைகள் கொண்டுவரும் கதையை அவர்கள் வாய்மொழியிலேயே எழுதுங்கள். அடியில், சொன்னவரின் பெயரையும் ஊரையும் போடுங்கள். சகாகுனின் மாணவர்களுடைய பெயர்கள் நமக்குத் தெரிகின்றன, ஆனால் அவர்களுக்குச் சொன்ன பெரியவர்களில் பெரும்பாலோரின் பெயர் தெரியவில்லை. நம் நோட்டில் அந்தக் குறை வேண்டாம்.

கடைசியாக, அந்த மாணவியைப் பற்றி. இதையெல்லாம் படித்து முடிக்க எனக்குச் சில வாரங்கள் ஆயின. ஒருநாள் அதே கடைசிப் பாடவேளையில், ஜன்னலைத் திறந்துவைத்துவிட்டு, பழைய கதையைச் சொன்னேன். ஏரி நடுவே ஒரு நகரம், இரவில் ஒரு குரல், எழுதிக்கொண்டிருந்த இளைஞர்கள். முடித்ததும் வகுப்பு அமைதியாக இருந்தது. நான் எந்த நீதியும் சொல்லவில்லை.

அவள் கையைத் தூக்கினாள். "எங்க ஊரு ஏரிக்கரையிலயும் ஒருத்தங்க இருக்காங்கன்னு எங்க அப்பாயி சொல்லும் டீச்சர். நாங்கல்லாம் பயந்துக்கிட்டு அந்தப் பக்கமே போகமாட்டோம். ஆனா அவங்க யாரு, ஏன் அங்க இருக்காங்கன்னு நான் கேட்டதே இல்ல. இன்னிக்கிப் போயிக் கேக்குறேன்."

மறுநாள் கேட்டுக்கொண்டு வந்தாள். அந்தக் கதையை இங்கே நான் சொல்லப்போவதில்லை. அது அவளுடைய அப்பாயியின் கதை, அவள்தான் சொல்ல வேண்டும். அவள் சொல்லச் சொல்ல, ஒரு சொல்லைக்கூட நான் திருத்தவில்லை என்பதை மட்டும் உங்களிடம் சொல்லிக்கொள்கிறேன்.